சொல்லவிழ்த்தான் கீரை

சின்னக் காஞ்சிபுரத்தில் பராங்குசத்திடம் ஏதாவது கேட்க வருகிறவர்கள் அவர் முகத்தைப் பார்த்துக் கேள்வி கேட்பார்கள். பதிலுக்கு மட்டும் கதவுப் பக்கம் திரும்பிக்கொள்வார்கள். கதவுக்குப் பின்னால் அவர் மனைவி ஹேமாம்புஜம் நிற்பாள். அவருக்குத் திக்குவாய். முதல் எழுத்து அவருடையது, மிச்சமெல்லாம் அவளுடையது என்று பதினாலு வருஷமாக அந்தக் குடித்தனம் நடந்துகொண்டிருந்தது.

யாரையாவது தேடி வந்து கேட்டால், "கி… கி…" என்பார் அவர்.

"கிழக்கே போயிருக்காராம் அண்ணா, நாளைக்குத்தான் வருவாராம்" என்பாள் அவள். வந்தவரும் சரி என்று போய்விடுவார். பராங்குசமும் வாயை மூடிக்கொண்டு தலையை ஒரு பக்கமாக அசைப்பார். எவ்வளவு ஒத்துமையான தம்பதி என்று தெருவில் பேசிக்கொள்வார்கள். ஹேமாம்புஜத்துக்கு அதில் கொஞ்சம் பெருமைகூட உண்டு. அவர் நெஞ்சில் இருப்பது தனக்குத் தெரிகிற மாதிரி வேறு யாருக்குத் தெரியும்?

கோயில் மடைப்பள்ளியில் அவருக்கு வேலை. அங்கே பெருமாளுக்கு அமுது செய்கிறபோது மூச்சுக் காற்று படக்கூடாதென்று மூக்கையும் வாயையும் துணியால் கட்டிக்கொள்வார்கள். பேச்சே கிடையாது. மூங்கில் கூடையில் இட்டிலி மாவை ஊற்றிவிட்டு ஆவியைப் பார்த்துக்கொண்டு நிற்கிற அந்த வேலை அவருக்கென்றே அமைந்த மாதிரி இருந்தது. இதில் ஒரு விசித்திரம் என்னவென்றால், பாசுரம் சொல்லும்போது அவருக்கு ஒரு எழுத்துகூடத் தடுக்காது. விடியற்காலையில் கிணற்றடியில் நின்று அவர் சொல்வதைக் கேட்டால் இவரா அவர் என்றிருக்கும். சொந்தப் பேச்சென்று வந்தால்தான் நாக்கு முரண்டு பிடிக்கும்.

ஐரோப்பாவில் யுத்தம் முடிந்து ஏழெட்டு வருஷம் ஆகியிருந்த ஓர் ஆவணி மாதம், வெள்ளிக்கிழமை. மத்தியானம் பராங்குசம் மடைப்பள்ளியிலிருந்து வந்து இலை முன்னால் உட்கார்ந்தார். ஹேமாம்புஜம் சாதம் போட்டு, கீரை மசியலைப் போட்டு, நெய் விட்டாள். இரண்டு கவளம் உள்ளே போயிருக்கும். பராங்குசம் நிமிர்ந்து உட்கார்ந்து, கணீரென்று ஒரு தடங்கலும் இல்லாமல் சொன்னார்:

"அம்மா, உத்தரணியை நான் தொலைக்கலே. காக்கா தூக்கிண்டு போச்சு. நான் பார்த்தேன்."

ஹேமாம்புஜம் நெய்க் கிண்ணத்தைக் கீழே வைத்தாள். அவருடைய அம்மா பரமபதித்து ஒன்பது வருஷம் ஆகிவிட்டது.

"யா… யார் பேசினா?" என்று அவரே கேட்டார்.

"நீங்கதான் பேசினேள்!"

அவர் கையைக்கூடக் கழுவாமல் அரை நாழிகை போராடி விஷயத்தைச் சொன்னார். ஆறு வயசிலோ ஏழு வயசிலோ பூஜைப் பெட்டியில் தீர்த்தம் எடுக்க வைத்திருந்த சின்ன வெள்ளிக் கரண்டி, உத்தரணி, காணாமல் போனது. அம்மா அவரை நிற்க வைத்துக் கேட்டாள். காக்கை என்று சொல்ல வாயெடுத்தார், வரவில்லை. விசிறிக் காம்பால் அடி விழுந்தது. அன்றைக்கு விழுங்கின பேச்சு முப்பது வருஷம் கழித்து இன்றைக்கு வந்திருக்கிறது.

மறுநாள் மிச்சமிருந்த கீரையை ஹேமாம்புஜம் வதக்கிப் போட்டாள். மறுபடியும் அதே பேச்சுத்தான் வந்தது. அம்மா, உத்தரணி, காக்கை. ஓர் எழுத்துகூட மாறவில்லை. அப்போதுதான் அவளுக்குக் கீரை மேல் சந்தேகம் வந்தது. கூடையைக் கொட்டிப் பார்த்தாள். பொன்னாங்கண்ணியோடு வேறொன்றும் கலந்திருந்தது. இலை நாக்கு மாதிரி நீண்டு, நுனியில் இரண்டாகப் பிளந்து, நடு நரம்பு மட்டும் சிவப்பாக ஓடியது.

திங்கட்கிழமை கீரைக்காரி பூவம்மாள் கொல்லைக் கதவண்டை வந்து கூடையை இறக்கினாள். திருப்பருத்திக்குன்றத்தில் நயினார் வீட்டு வயலில் வேலை செய்கிறவள். வேலை இல்லாத நாளில் வேகவதிக் கரையில் கீரை பறித்து விற்பாள். வாய் ஓயாத மனுஷி. ஹேமாம்புஜம் அந்த இலையை நீட்டினாள்.

"இது என்ன பூவம்மா?"

"அய்ய! இதுவும் கூட வந்துட்டுதா? சொல்லவிழ்த்தான்மா இது. பொன்னாங்கண்ணி பறிக்கறப்ப கலந்துக்கினு வந்திருக்குது. யாருமா துன்னது? அய்யாவா?"

"தின்னா என்ன ஆகும்?"

"ஒண்ணும் ஆவாதுமா, பயப்படாத. தொண்டையில இன்னா பேச்சு நின்னுக்கினு இருக்குதோ அது வெளிய வந்துடும். அவ்ளோதான். முழுங்கியும் செரிக்காம கெடக்குது பாரு, அந்தப் பேச்சு. ஒரு எலைக்கு ஒண்ணு. பழசு முன்னாடி வரும், புதுசு பின்னாடி வரும்."

"அவர் ரெண்டு நாளும் ஒண்ணையே சொன்னாரே?"

"பதில் சொன்னியா?"

"நான் எப்படிச் சொல்றது? அது அவா அம்மாகிட்டச் சொன்னதுன்னா!"

"யாராச்சும் சொல்லணும்மா. சொல்லலன்னா அது மறுபடி உள்ளாற போயி உக்காந்துக்கும். செத்தவங்க வந்தா பதில் சொல்லுவாங்க? இருக்கறவங்கதான் சொல்லணும்."

"நீ தின்னிருக்கியா?"

"துன்னேனே! மூணே எலை. நாலாவது வெறும் கீரையா பூட்ச்சு. எங்கிட்ட இன்னா நின்னுக்கினு இருக்குது? எல்லாத்தையும் அப்பப்போ கொட்டிடறேன்ல?" என்று பூவம்மாள் இடுப்பில் கை வைத்துச் சிரித்தாள். அப்புறம் குரலைத் தாழ்த்தி, "அய்யாவுக்கு ஒரு வண்டி வேணும்மா. நான் தினம் கொண்டாறேன்" என்றாள்.

அன்று மத்தியானம் மூன்றாம் தடவையாக உத்தரணி வந்தது. ஹேமாம்புஜம் தயாராக இருந்தாள். மாமியாரின் குரல் அவளுக்கு நன்றாக வரும். இடுப்பில் புடவையைச் செருகிக்கொண்டு, ஒரு கண்ணை இடுக்கிக்கொண்டு, "காக்காயா? அதை முன்னாலேயே சொல்லித் தொலைக்கப்படாதோ, பிரம்மஹத்தி! அநியாயமா அடிச்சுட்டேனேடா!" என்றாள்.

பராங்குசத்துக்குச் சிரிப்புத் தாங்கவில்லை. சிரித்துச் சிரித்துக் கண்ணில் ஜலம் வந்தது. அந்த ஜலம் சிரிப்பு நின்ற பிறகும் கொஞ்ச நேரம் நிற்கவில்லை. மறுநாள் உத்தரணி வரவில்லை. வேறு பேச்சு வந்தது.

அதன் பிறகு தினம் ஒரு இலை. பூவம்மாள் கொண்டுவந்து கொடுப்பாள். பராங்குசம் சாப்பாடு முடிந்து, தாம்பூலத்துக்குப் பதில் அதை மென்றுவிட்டு ஊஞ்சலில் உட்காருவார். ஹேமாம்புஜம் எதிரே தரையில் உட்காருவாள். அந்த நேரத்தில் அவள் வேறு எந்த வேலையும் வைத்துக்கொள்வதில்லை.

எத்தனை பேர் அந்தக் கூடத்துக்கு வந்து போனார்கள்! "அந்த அதிரசம் என்னுது, கொடுடா!" என்று ஒரு நாள் பேச்சு வந்தது. பத்து வயசில் அதைத் தின்றுவிட்ட சிநேகிதனாக அவள் மன்னிப்புக் கேட்டுக்கொண்டாள். "ஸார், விடை எனக்குத் தெரியும்" என்று ஒரு நாள். வாத்தியாராகி, எங்கே சொல்லு பார்க்கலாம் என்றாள். கணக்கே மறந்துபோயிருந்ததால் இருவரும் விழித்தார்கள். சொந்தக்காரர் ஒருவர் எல்லார் முன்னிலையிலும் அவரைப் போலத் திக்கிக் காட்டிச் சிரிக்கவைத்த கல்யாணம் ஒன்று வந்தது. "உமக்கு ஒரு பிள்ளை இப்படிப் பிறந்தா அப்பவும் சிரிப்பீரா?" என்று பராங்குசம் ஊஞ்சல் சங்கிலியைப் பிடித்துக்கொண்டு கேட்டார். அந்த மனுஷராக இருந்து ஹேமாம்புஜம், "தப்புதான்" என்று மட்டும் சொன்னாள். அது போதுமாயிருந்தது.

தனக்குத் தெரியாத ஒரு சிறுவனை, ஒரு வாலிபனை, அவள் கொஞ்சம் கொஞ்சமாகத் தெரிந்துகொண்டாள். இவ்வளவு ரோஷக்காரரா? இவ்வளவு வேடிக்கையாகப் பேசத் தெரிந்தவரா? பதினாலு வருஷம் பக்கத்தில் இருந்தும் தெரியவில்லையே!

புரட்டாசி பிறந்ததும் பேச்சுகள் அவர்கள் கல்யாணத்தை எட்டிவிட்டன. "வண்டியில வந்தது கால் மரத்துப் போச்சா?" என்று ஒரு நாள் மிருதுவாகக் கேட்டார். அவள் இந்த வீட்டுக்கு வந்த முதல் நாள் பேச்சு அது. "ஆமாம், ரெண்டு காலும்" என்று சொல்லும்போது ஹேமாம்புஜத்துக்கு முகம் சிவந்துவிட்டது.

மறுநாள் வந்தது வேறு ரகம்.

"பாகற்காய் எனக்கு வேண்டாம். கண்டாலே ஆகாது."

ஹேமாம்புஜம் வாயைப் பிளந்தாள். குடித்தனம் தொடங்கின புதிதில் அவர் இலையைப் பார்த்து "பா… பா…" என்றதும், "பாகற்காயா? இன்னும் கொஞ்சம் போடட்டுமா?" என்று அவள் அள்ளிப் போட்டதும் ஞாபகம் வந்தது. அன்றிலிருந்து வாரம் இரண்டு நாள், ஆசையாய்ச் சாப்பிடுகிறவர் என்று, பிட்லையும் வறுவலுமாக.

"பதினாலு வருஷமா? தலையையாவது ஆட்டியிருக்கப்படாதா?"

"ஆ… ஆட்டினேன். நீ ச… சரின்னு எடுத்துண்டே."

அவளுக்குச் சிரிப்பும் கோபமும் ஒன்றாக வந்தன. அன்று சாயங்காலம் முழுக்க அடுப்படியில் தனியாகச் சிரித்துக்கொண்டாள். ஆனாலும் ஒரு முள் தைத்துவிட்டது. இது ஒன்றுதானா, இன்னும் எத்தனை?

நாலாம் நாள் அதற்குப் பதில் கிடைத்தது. பராங்குசம் இலையை மென்று முடித்ததும் அவர் முகமே மாறியது. ஊஞ்சலிலிருந்து எழுந்தார். எதிரே யாரோ பெரியவர் நிற்கிற மாதிரி கைகூப்பினார்.

"வரேன் ஸ்வாமி! நாளைக்கே வரேன்!"

எவ்வளவு சந்தோஷம் அந்தக் குரலில்! ஹேமாம்புஜத்துக்கு ஒரு கணம் புரியவில்லை. புரிந்ததும் எழுந்து நின்றுவிட்டாள்.

பத்து வருஷத்துக்கு முன்னால் சம்பத்குமார ஐயங்கார் இந்தக் கூடத்துக்கு வந்திருந்தார். பெருமாள் முன்னால் வரிசையில் நின்று பாசுரம் சேவிக்கும் கோஷ்டிக்கு அவர்தான் மூத்தவர். விடியற்காலையில் கிணற்றடிப் பக்கமாகப் போகும்போது பராங்குசத்தின் குரலைக் கேட்டிருக்கிறார். கோஷ்டியில் வந்து நிற்கிறீரா என்று கேட்டார். பராங்குசம் "வ… வ…" என்றார். கதவுக்குப் பின்னால் நின்ற ஹேமாம்புஜத்துக்குப் பதைத்தது. நாலு பேர் நடுவில் நின்று இவர் நாக்குத் தடுமாறினால் ஊரே சிரிக்குமே! "வேண்டாம்கிறார் மாமா. கூச்ச ஸ்வபாவம்" என்று அவள் முந்திக்கொண்டாள். ஐயங்கார் போய்விட்டார். பராங்குசம் அன்று சாப்பிடவில்லை. தலைவலி போலிருக்கிறது என்று அவள் சுக்குப் பற்றுப் போட்டுவிட்டாள்.

"இதுக்கு நான் பதில் சொல்ல முடியாது" என்றாள் ஹேமாம்புஜம். "சொல்ல வேண்டியவர் சன்னிதித் தெருவில் இருக்கார்."

முகத்தைக் கழுவிக்கொண்டு நேரே போனாள். ஐயங்காரின் மனைவி வத்ஸலா மாமி அவளை உள்ளே அழைத்துப்போய் விஷயத்தைக் கேட்டாள். கேட்டுவிட்டு, "இதை நீயே சொல்லு" என்று கூடத்துக்கு அழைத்துக்கொண்டு வந்தாள். ஐயங்கார் ஓலைச் சுவடியிலிருந்து நிமிர்ந்தார்.

"மாமா, கோஷ்டிக்கு வரேளான்னு எங்காத்துக்காரரை நீங்க கேட்டேள். அவர் வேண்டாம்னு சொல்லலே. அது நான் சொன்னது. அவர் வரேன்னு சொன்னார்."

"எப்பக் கேட்டேன்? பத்து வருஷம் ஆச்சேம்மா!"

"அவர் சொல்லி முடிக்க அவ்வளவு நாளாயிடுத்து, மாமா."

ஐயங்கார் அவளையே பார்த்தார். அப்புறம் தொந்தி குலுங்கச் சிரித்தார். "சரி. சொல்லி முடிச்சுட்டாரோல்லியோ? நாளைக்கே வரச் சொல்லு. கடைசி வரிசையில் இடம் இருக்கு."

பராங்குசம் மறுநாள் விடிகாலை புது வேஷ்டி உடுத்தி, திருமண் இட்டுக்கொண்டு போனார். ஹேமாம்புஜம் பெண்கள் பக்கத்துத் தூணருகே நின்று கேட்டாள். பத்துப் பன்னிரண்டு குரல்களுக்கு நடுவே அவர் குரல் தனியாகத் தெரிந்தது. அது எங்கேயும் நிற்கவில்லை. பிரசாதம் வாங்கிக்கொண்டு வந்தபோது அவர் அவளைப் பார்த்துச் சிரித்த சிரிப்பில் ஒரு குறையும் இல்லை. அதுதான் அவளை ரொம்பச் சுட்டது.

அன்று அவள் பூவம்மாளிடம், "இனிமேல் அந்த இலை வேண்டாம்" என்று சொல்லிவிட்டாள்.

ஏனென்றால் அடுத்தது என்ன வரும் என்று அவளுக்குத் தெரியும். பழசு முன்னால், புதுசு பின்னால். கோஷ்டிக்கு அப்புறம் இரண்டு வருஷம் கழித்து ஒரு நாள் இருக்கிறது.

அப்போது அவளுக்கு எட்டு மாசம். தண்ணீர் இழுக்க வருகிறவள் வரவில்லை. நீ போகாதே என்று அவர் கையைக் காட்டிவிட்டுத்தான் மடைப்பள்ளிக்குப் போனார். இரண்டு குடம்தானே என்று அவள் கிணற்றடிக்குப் போனாள். பாசி வழுக்கிவிட்டது. குழந்தை உயிரில்லாமல் பிறந்தது. யாரும் அதை அவளுக்குக் காட்டவில்லை. பார்த்தால் மனசு ஆறாது என்றார்கள். கண் விழித்தபோது பராங்குசம் அறை வாசலில் நின்றுகொண்டிருந்தார். அவளைப் பார்த்து, "நீ… நீ…" என்றார். மருத்துவச்சி அவரை விரட்டிவிட்டாள். ஹேமாம்புஜம் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டாள்.

அவர் பேச்சை எத்தனையோ தடவை ஊருக்குக் கேட்க முடித்து வைத்தவள், அந்த ஒன்றை மட்டும் மனசுக்குள் முடித்தாள். நீதானே கிணற்றடிக்குப் போனே? நீதானே கொன்னே? எட்டு வருஷமாக அதை உள்ளே வைத்துக்கொண்டிருந்தாள். அதற்கப்புறம் அவர் வாயைத் திறந்தாலே போதும், அவர் பேச்சு எங்கேயாவது போய்ச் சேர்வதற்குள் ஓடிப்போய் முடித்துவிடுவாள்.

"இ… இலை?" என்று மத்தியானம் பராங்குசம் கேட்டார்.

"கரையில தீர்ந்துடுத்தாம்" என்றாள் அவள்.

நாலு நாள் அப்படியே போயிற்று. ஐந்தாம் நாள் மடைப்பள்ளியிலிருந்து வர வழக்கத்தைவிட நேரமாகிவிட்டது. கால் முழங்கால் வரை ஆற்று மணல். சாப்பாட்டு இலை போட்டிருந்த இடத்துக்கு வராமல் நேரே அடுப்படி வாசலில் வந்து நின்றார். வேஷ்டித் தலைப்பை அவிழ்த்தார். உள்ளே ஒரே ஒரு இலை இருந்தது. நடு நரம்பு சிவந்த, வாடாத இலை.

"பூவம்மா காட்டினாளா?" என்றாள் ஹேமாம்புஜம். அவர் தலையசைத்தார். அவள் அம்மிக்கல் பக்கத்தில் உட்கார்ந்துவிட்டாள். "இன்னிக்கு வேண்டாமே. கெஞ்சிக் கேட்டுக்கறேன்."

அவர் அதை வாயில் போடவில்லை. அவள் உள்ளங்கையைப் பிரித்து அதில் வைத்தார்.

"நீ" என்றார். அந்த ஒரு எழுத்து அன்று தடுக்கவில்லை.

"நானா? எனக்கென்ன நிக்கறது? நான்தான் ஊர்ப்பட்ட பேச்சுப் பேசறேனே!"

அவர் பார்த்துக்கொண்டே நின்றார். அவள் இலையை வாயில் போட்டு மென்றாள். முதலில் கசந்தது, அப்புறம் நெல்லிக்காய் தின்றுவிட்டுத் தண்ணீர் குடித்த மாதிரி ஒரு தித்திப்பு. தொண்டையில் ஏதோ முடிச்சுத் தளர்வது அவளுக்குத் தெரிந்தது. நான்தான் கொன்றேன் என்று வரப்போகிறது என்று நினைத்தாள். கையால் வாயைப் பொத்திக்கொள்ளப் பார்த்தாள். அதற்குள் வந்துவிட்டது.

"அன்னிக்கு வாசல்ல நின்னுண்டு என்ன சொல்ல வந்தேள்?"

அவ்வளவுதான். எட்டு வருஷம் அவள் தொண்டையில் நின்றது அந்தக் கேள்விதான்.

பராங்குசத்துக்கு எந்த வாசல், எந்த நாள் என்று விளக்க வேண்டியிருக்கவில்லை. அவர் அவளுக்கு எதிரில் தரையில் உட்கார்ந்தார்.

"நீ… நீ எ… எ…"

இலை எதுவும் அவர் வாயில் இல்லை. உதடு இழுத்தது. கழுத்து நரம்பு புடைத்தது. ஹேமாம்புஜத்தின் நாக்கு பழக்கத்தில் எழுந்தது. பற்களைக் கடித்து அதை அடக்கினாள். உலையில் அரிசி கொதித்து வழிந்து அடுப்பு சீறியது. அவள் எழுந்திருக்கவில்லை.

"எ… எழுந்துக்காதேன்னு. வெ… வெ… வெந்நீர் போட்டிருக்கேன், நா… நானே கொண்டுவரேன்னு."

"வெந்நீரா?"

"ஆ… ஆமாம்."

"வெந்நீரா!" என்றாள் மறுபடியும். எட்டு வருஷத்தையும் அந்த ஒரு சொல்லில் போட்டுப் பார்க்கிற மாதிரி இருந்தது அது. "நீதானே காரணம்னு சொல்ல வந்தேள்னு நினைச்சேனே! இத்தனை நாளும் அதையே நினைச்சிண்டு…"

அவர் வேகமாகத் தலையாட்டினார். இந்தத் தடவை அது இல்லை என்கிற தலையாட்டல்தான் என்பதில் சந்தேகமில்லை.

"பா… பாசியைச் சு… சுரண்டணும்னு ரெண்டு நாளா நி… நினைச்சிண்டிருந்தேன். சு… சுரண்டலே. நா… நான்தான்."

அவரும் ஒன்றைச் சுமந்துகொண்டிருந்தார் என்பது ஹேமாம்புஜத்துக்கு அப்போதுதான் தெரிந்தது. கை நீட்டி அவர் முழங்காலில் ஒட்டியிருந்த மணலைத் தட்டிவிட்டாள். அப்புறம் இன்னொன்று கேட்டாள். அதற்கு இலை வேண்டியிருக்கவில்லை.

"குழந்தையை நீங்க பார்த்தேளா?"

இதற்கு அவர் பதில் சொல்லி முடிக்க ரொம்ப நேரமாயிற்று. அடுப்பு அணைந்துவிட்டது. முற்றத்தில் வெயில் ஒரு தூணிலிருந்து அடுத்த தூணுக்குப் போயிற்று. ஒவ்வொரு எழுத்தும் வழியில் நின்றது. அவள் ஒன்றையும் தொடவில்லை. அவர் சொன்னது இவ்வளவு: அவர்தான் அதைத் துணியில் சுற்றி ஆற்றங்கரைக்கு எடுத்துக்கொண்டு போனார். பெண் குழந்தை. தலை நிறைய முடி. மோவாயில் ஹேமாம்புஜத்துக்கு இருக்கிற மாதிரியே ஒரு சின்னக் குழி. வலது கையை மூடிக்கொண்டிருந்தது. அவர் தன் விரலை அதற்குள் கொஞ்ச நேரம் வைத்திருந்தார்.

ஹேமாம்புஜம் தன் மோவாயைத் தொட்டுப் பார்த்துக்கொண்டாள். அப்புறம் அழுதாள். எட்டு வருஷத்துக்கு முன்னால் அழுதது வேறு அழுகை. யாரென்று தெரியாத ஒன்றுக்காக அழுதது அது. இப்போது தன் பெண்ணுக்காக அழுதாள். பராங்குசம் எழுந்து, அணைந்த அடுப்பிலிருந்து உலையைத் தானே இறக்கி, குழைந்துபோன சாதத்தில் மோரை விட்டுப் பிசைந்து அவள் கையில் வைத்தார். இருவரும் அடுப்படியிலேயே உட்கார்ந்து சாப்பிட்டார்கள்.

அதன் பிறகு இன்னும் பத்துப் பதினைந்து இலை ஆயிற்று. வந்ததெல்லாம் சில்லறைப் பேச்சுகள். பசு மாட்டின் கொம்பைப் பற்றி ஒன்று, ஐயம்பேட்டைக்குப் போன இடத்தில் குடையை மறந்து வைத்ததைப் பற்றி ஒன்று. பிறகு ஒரு நாள் பராங்குசம் மென்று முடித்து, காத்திருந்து, தோளைக் குலுக்கினார். வெறும் கீரையாகிவிட்டது. ஐப்பசி மழையில் வேகவதி கரை புரண்டு வந்து அந்த இலை முளைத்திருந்த மேட்டையே அரித்துக்கொண்டு போனது. பூவம்மாள் வருத்தத்தோடு வந்து சொன்னபோது ஹேமாம்புஜம், "போனால் போறது. முளைக்கீரை இருந்தாப் போடு" என்றாள்.

தை மாதம் பிள்ளையார்பாளையத்திலிருந்து நெசவுக்காரர் ஆதிகேசவன் வந்தார். ஹேமாம்புஜத்துக்குப் புடவை ஒன்று நெய்யச் சொல்ல வேண்டுமென்று பராங்குசமே ஆள் விட்டு அழைத்திருந்தார். அவள் கொல்லையில் துணி பிழிந்துகொண்டிருந்தாள். பேச்சு காதில் விழுந்தது.

"இன்னா கலர்ல நெய்யட்டும் சாமி?"

"மா… மா…"

"மாம்பழ கலரா? இருக்குது சாமி, பாவு நூலு ரெடியா இருக்குது!"

"இ… இல்லே."

"மாதுளம்பூ?"

"இல்லே."

ஆதிகேசவன் பழக்கப்படி கதவுப் பக்கம் திரும்பினார். கதவுக்குப் பின்னால் யாரும் இல்லை. கொல்லையில் தண்ணீர் சொட்டுகிற சத்தம் மட்டும் கேட்டது. ஹேமாம்புஜம் பிழிந்த துணியைக் கையில் வைத்துக்கொண்டு அசையாமல் நின்றிருந்தாள். அவளுக்கும் தெரியவில்லை. மா என்று தொடங்குகிற நிறங்களை ஒவ்வொன்றாக மனசுக்குள் போட்டுப் பார்த்தாள். என்னவாயிருக்கும்? கல்யாணப் பெண்ணைப் போல அவளுக்கு நெஞ்சு அடித்துக்கொண்டது.

"சரி சாமி, நீங்களே சொல்லுங்க" என்று ஆதிகேசவன் துண்டை உதறிப் போட்டு, சம்மணம் கட்டி உட்கார்ந்துகொண்டார். "எனக்கு இன்னா அவசரம்?"